ஆலை வாயிலில் கேமரா: தொழிலாளர் ஆவணப்படங்கள் எதை மாற்றின?

லூமியேர் சகோதரர்கள் 1895இல் லியோன் நகரில் எடுத்த படங்களுள் ஒன்று, அவர்களுடைய தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியே வருவதைக் காட்டுகிறது. ஒரு நிமிடம்கூட ஓடாத அந்தப் படத்தை எடுத்தவர்கள் முதலாளிகள். அதில் நடந்து வருபவர்கள் அவர்களிடம் கூலி வாங்கியவர்கள். உழைப்பும் சினிமாவும் முதன்முதலில் சந்தித்தது இந்த ஏற்றத்தாழ்வில்தான். நூறாண்டு கழித்து, 1995இல், ஜெர்மானிய இயக்குநர் ஹாருன் ஃபரோக்கி அந்த நூற்றாண்டின் படங்களிலிருந்து ஆலை வாயில் காட்சிகளைத் திரட்டி ஒரு படம் செய்தார். கேமரா பெரும்பாலும் வாயிலோடு நின்றுவிட்டது, வேலை முடிந்து மனிதர் வெளியே வந்த பிறகே அதற்குக் கதை தொடங்குகிறது என்பது அவர் கண்டது.

வாயிலைத் தாண்டிய படங்களும் உண்டு. அவை சுரங்கத்துக்குள் இறங்கின, வேலைநிறுத்தப் பந்தலில் மாதக்கணக்கில் உட்கார்ந்தன, பாதாளச் சாக்கடையின் மூடியைத் திறந்து காட்டின. அவற்றை எடுத்தவர்களை ஒரு கேள்வி விடாமல் துரத்தி வந்திருக்கிறது: இந்தப் படத்தால் இதில் இருப்பவர்களுக்கு என்ன கிடைத்தது? ஆனந்த் பட்வர்தன் பம்பாய்க் குடிசைவாசிகளைப் பற்றி 1985இல் எடுத்த ‘ஹமாரா ஷஹர்’ படத்தில் ஒரு பெண் இயக்குநரைப் பார்த்தே அதைக் கேட்கிறார். குஜராத் துணி ஆலை ஒன்றைப் பற்றி ராகுல் ஜெயின் 2016இல் எடுத்த ‘மெஷின்ஸ்’ படத்திலும் தொழிலாளர்கள் கேமராவைச் சூழ்ந்துகொண்டு அதையே கேட்கிறார்கள். இரு இயக்குநர்களும் அந்தக் காட்சியை வெட்டாமல் வைத்திருக்கிறார்கள். இக்கேள்விக்கு ஏறத்தாழ நூறாண்டுகளாகச் சொல்லப்பட்ட பதில்களையும், அவை பிறந்த சூழலையும், அவற்றின் பலவீனங்களையும் பார்ப்பதே இக்கட்டுரையின் வேலை.

காட்டினால் மாறும் என்ற நம்பிக்கை

முதல் பதில் பிரிட்டனில் உருவானது. ஹெர்ரிங் மீன்பிடிப்பைப் பற்றிய ‘டிரிஃப்டர்ஸ்’ (1929) படத்தை எடுத்த ஜான் கிரியர்சன், ஆவணப்படத்தைக் குடிமக்களுக்கான கல்வியாகப் பார்த்தார். நாட்டின் ஒரு பகுதி மக்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று மறுபகுதிக்குக் காட்டினால் பொதுக்கருத்து உருவாகும், பொதுக்கருத்து அரசை அசைக்கும் என்பது அதன் தர்க்கம். இந்தப் பள்ளியில் வந்த ‘ஹவுசிங் பிராப்ளம்ஸ்’ (1935) லண்டன் சேரிவாசிகளை நேராகக் கேமராவைப் பார்த்துப் பேச வைத்தது. ஏழைகளைப் பற்றி அதுவரை பிறர்தான் பேசினார்கள் என்பதால் இது பெரிய நகர்வு. ஆனால் படத்துக்குப் பணம் கொடுத்தது எரிவாயு நிறுவனங்களின் சங்கம். சேரிகள் இடிக்கப்பட்டு அடுக்குமாடி வீடுகள் எழுந்தால் எரிவாயு அடுப்புகள் விற்கும்.

ஆவணப்பட ஆய்வாளர் பிரயன் வின்ஸ்டன் 1980களில் இந்த மரபின் மீது வைத்த விமர்சனம் இன்றும் வலுவானது. கிரியர்சன் பள்ளி தொழிலாளியைப் பாதிக்கப்பட்டவராகவே காட்டப் பழகிவிட்டது என்றார் அவர். பார்வையாளர் இரக்கப்படுகிறார், இரக்கப்பட்டதாலேயே கடமை முடிந்ததென நினைக்கிறார். சேரிகளைப் பற்றிய படங்கள் தலைமுறை தலைமுறையாக வந்துகொண்டே இருக்கின்றன, சேரிகளும் இருக்கின்றன.

அமெரிக்காவில் இந்த நம்பிக்கையின் உச்சம் ‘ஹார்வெஸ்ட் ஆஃப் ஷேம்’. இடம்பெயர்ந்து திரியும் பண்ணைத் தொழிலாளர்களைப் பற்றி எட்வர்ட் மரோ வழங்கிய இந்தப் படத்தை சிபிஎஸ் தொலைக்காட்சி 1960 நவம்பர் 25 அன்று, தேங்க்ஸ்கிவிங் விருந்துக்கு மறுநாள், ஒளிபரப்பியது. நாடே அதிர்ந்தது என்பது வழக்கமாகச் சொல்லப்படுவது. அதற்குப் பிறகு நடந்தவை அவ்வளவாகச் சொல்லப்படுவதில்லை. சில மாதங்களில் அரசின் தகவல் துறைத் தலைவரான அதே மரோ, படத்தை பிபிசி ஒளிபரப்பாமல் தடுக்க முயன்றார். சங்கம் சேரும் உரிமையைத் தந்த 1935ஆம் ஆண்டுக் கூட்டாட்சிச் சட்டம் பண்ணைத் தொழிலாளர்களை விலக்கியிருந்தது. அந்த விலக்கு இன்றுவரை நீக்கப்படவில்லை. கலிபோர்னியாவில் 1975இல் தனிச் சட்டம் வந்தது. அதற்கு முன்னால் 1965இல் டெலானோவில் தொடங்கிய திராட்சைத் தோட்ட வேலைநிறுத்தமும், பல ஆண்டுகள் நீடித்த திராட்சைப் புறக்கணிப்பும் இருந்தன. படம் இந்தப் போராட்டத்துக்கு நிலத்தைப் பண்படுத்தியது என்று வாதிடலாம். படத்தால் சட்டம் வந்தது என்று சொல்ல ஆதாரம் போதாது.

ஒரு பக்கம் நிற்கும் கேமரா

இரண்டாவது பதில், காட்டினால் மட்டும் போதாது, போராடுபவர் பக்கம் நின்று எடுக்க வேண்டும் என்கிறது. யோரிஸ் ஈவன்ஸும் ஹென்றி ஸ்டோர்க்கும் பெல்ஜியத்தின் போரினாஜ் சுரங்கப் பகுதியில் 1932ஆம் ஆண்டு வேலைநிறுத்தத்துக்குப் பிறகு எடுத்த படம் இதன் தொடக்ககால முன்மாதிரி. போலீசுக்கு மறைந்து எடுக்கப்பட்ட அந்தப் படத்தைப் பொது அரங்குகளில் காட்ட முடியவில்லை. அதற்குள் நடந்த ஒன்று கோட்பாட்டாளர்களை இன்றுவரை ஈர்க்கிறது. கார்ல் மார்க்ஸ் படத்தை ஏந்திச் செல்லும் ஊர்வலம் ஒன்றைப் படத்துக்காகச் சுரங்கத் தொழிலாளர்கள் மீண்டும் நடத்திக் காட்டினார்கள். நடக்க நடக்க அது மெய்யான ஊர்வலமாகவே மாறியது, போலீசும் வந்தது. படம் திரைக்கு வருவதற்கு முன்பே, எடுக்கப்படும்போதே, ஏதோ மாறியிருக்கிறது.

பார்பரா கொப்பிளின் ‘ஹார்லன் கவுண்டி, யுஎஸ்ஏ’ (1976) இதை இன்னும் தெளிவாக்குகிறது. கென்டக்கி மாநிலத்தின் புரூக்சைட் சுரங்கத்தில் 1973இல் தொடங்கி ஓராண்டுக்கும் மேல் நீண்ட வேலைநிறுத்தமே அதன் கரு. கருங்காலிகளை உள்ளே விடாமல் விடியற்காலையில் சாலையை மறித்தவர்களில் தொழிலாளர்களின் மனைவிமார் முன்வரிசையில் நின்றார்கள். நிறுவனத்தின் அடியாட்கள் துப்பாக்கியோடு வந்தார்கள்; கொப்பிளும் தாக்கப்பட்டார். கேமரா இருந்ததால் வன்முறை மட்டுப்பட்டது என்று நம்பிய அவர், ஃபிலிம் இல்லாத நாட்களிலும் படமெடுப்பதுபோல் நின்றதாகப் பின்னர் சொன்னார். நிறுவனம் கையெழுத்திட்டது 1974 ஆகஸ்டில், ஓர் இளம் தொழிலாளி சுட்டுக் கொல்லப்பட்ட பிறகு. படம் வெளிவந்ததும் ஆஸ்கர் பெற்றதும் அதற்குப் பின்னர்தான். ஒப்பந்தத்தைப் படத்தின் கணக்கில் எழுத முடியாது. கேமரா அங்கே இருந்ததன் கணக்கில் ஒரு பங்கை எழுதலாம். திரையில் பார்ப்பதன் விளைவையும் களத்தில் எடுப்பதன் விளைவையும் பிரித்துப் பார்க்காததால் இந்த விவாதத்தில் நிறையக் குழப்பம் நேர்ந்திருக்கிறது.

பக்கம் நிற்பதில் ஒரு சிக்கல் உண்டு: தொழிலாளர்களே பிளவுபட்டால் எந்தப் பக்கம்? கொப்பிளின் அடுத்த பெரிய படமான ‘அமெரிக்கன் ட்ரீம்’ (1990) மின்னசோட்டாவின் ஹார்மல் இறைச்சி ஆலைப் போராட்டத்தைச் சொல்கிறது. உள்ளூர்ச் சங்கம் ஒரு வழியில், தேசியத் தலைமை வேறு வழியில். போராட்டம் தோற்றது. வெற்றிக் கதை சொல்லப் பழகிய பரப்புரைப் படங்கள் தவிர்க்கும் இந்த இடத்துக்குப் போனதாலேயே ‘ஹார்லன் கவுண்டி’யைவிட இதை முக்கியமான படமாக நான் கருதுகிறேன்.

பெசான்சோன் தொழிலாளர்களின் பதில்

மூன்றாவது பதில், கேமராவையே தொழிலாளர் கையில் கொடுப்பது. இதன் மூதாதை சோவியத் இயக்குநர் அலெக்சாந்தர் மெத்வெத்கின் 1932இல் ஓட்டிய திரைப்பட ரயில். ஃபிலிம் கழுவும் கூடமும் படத்தொகுப்பு அறையும் கொண்ட அந்த ரயில் சுரங்கங்களுக்கும் பண்ணைகளுக்கும் போய்ப் படமெடுத்து, எடுக்கப்பட்டவர்களுக்கே உடனுக்குடன் போட்டுக் காட்டியது. அரசின் ரயில் அது. உற்பத்தியைப் பெருக்குவதே அதன் முதல் நோக்கம். இந்த வரம்பை அதைக் கொண்டாடும் எழுத்துகள் பல கடந்துபோய்விடுகின்றன.

இந்த எண்ணம் பிரான்சில் மறுபிறவி எடுத்த விதம் விரிவாகப் பார்க்கத் தக்கது. பெசான்சோன் நகரின் ரோடியாசேட்டா செயற்கை இழை ஆலையில் 1967இல் நடந்த வேலைநிறுத்தத்தைக் கிறிஸ் மார்க்கரும் மரியோ மாரேயும் படமாக்கினார்கள். தொலைக்காட்சியில் அது ஒளிபரப்பானபின் 1968 வசந்தத்தில் தொழிலாளர்களுக்குத் திரையிட்டபோது பாராட்டு கிடைக்கவில்லை. எங்களை வெளியிலிருந்து பார்த்திருக்கிறீர்கள், போராட்டத்தைக் காவியமாக்கியிருக்கிறீர்கள், பெண்களை மனைவியராக மட்டுமே காட்டியிருக்கிறீர்கள் என்றார்கள். அந்த விவாதம் ஒலிப்பதிவாக இன்றும் இருக்கிறது. மார்க்கர் எதிர்வாதம் செய்வதற்குப் பதிலாக, அப்படியானால் உங்கள் படத்தை நீங்களே எடுங்கள் என்ற முடிவுக்கு வந்தார். தொழில்முறைக் கலைஞர்கள் கருவிகளையும் பயிற்சியையும் தந்தார்கள். மெத்வெத்கின் குழு என்று தன்னை அழைத்துக்கொண்ட தொழிலாளர் குழு 1969இல் ‘கிளாஸ் த லுத்’ படத்தை வெளியிட்டது. முதல் படத்தில் கணவருக்குப் பக்கத்தில் அமைதியாக உட்கார்ந்திருந்த ஒரு பெண், இந்தப் படத்தில் கடிகாரத் தொழிற்சாலையில் சங்கம் கட்டுபவராக, பேச்சாளராக வருகிறார்.

இந்தியாவில் இதற்கு நெருங்கிய உறவு கொண்டது 1980இல் பெங்களூரில் தீபா தன்ராஜும் தோழர்களும் தொடங்கிய யுகாந்தர் குழு. புனேயின் வீட்டு வேலைத் தொழிலாளர்களைப் பற்றிய ‘மோல்கரின்’ (1981), நிப்பாணியின் புகையிலை ஆலைப் பெண்களைப் பற்றிய ‘தம்பாக்கு சாக்கிலா ஊப் ஆலி’ (1982) ஆகியவற்றில் கேமரா கலைஞர்களிடமே இருந்தது. எதைச் சொல்வது, எப்படிச் சொல்வது என்பது தொழிலாளர்களுடன் பேசிப் பேசி முடிவானது. கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் 1967இல் ஃபோகோ தீவு மீனவர்களிடையே செய்த முயற்சியும் இந்த வகையில் வரும்.

பங்கேற்பு மரபின் பலவீனம் அதன் நீடிப்பில் இருக்கிறது. கருவியும் ஃபிலிமும் பணமும் வெளியிலிருந்து வரும்வரை குழு இயங்குகிறது. பிரெஞ்சுக் குழுக்கள் 1970களின் நடுப்பகுதியைத் தாண்டவில்லை. யுகாந்தர் நான்கு படங்களோடு நின்றது. எட்டு மணி நேரம் ஆலையில் நின்றவர் இரவில் படத்தொகுப்பு மேசைமுன் உட்கார வேண்டியிருந்தது. ஆனாலும் பெசான்சோன் தொழிலாளர்கள் மார்க்கரிடம் பேசிய அந்த மாலைக்கு நான் பெரிய இடம் தருவேன். படம் எடுக்கப்பட்டவர்கள் படத்துக்குப் பதில் சொன்னார்கள், அந்தப் பதிலுக்கு விளைவு இருந்தது. தொழிலாளர் ஆவணப்படத்தின் நீண்ட வரலாற்றில் இது அரிது.

விநியோகம் என்னும் பாதி வேலை

ஓஹாயோவின் டேட்டன் நகரில் வாழ்ந்து படமெடுத்த ஜூலியா ரைகர்ட் (1946–2022) இந்த மூன்று பதில்களிலும் அடங்காதவர். எடுத்த படம் யாரிடம் போகிறது என்பதைப் பாதி வேலையாக அவர் கருதினார். தம் முதல் படத்தை வாங்கி விநியோகிக்க ஏற்ற நிறுவனம் இல்லாத நிலையில், 1971இல் சக இயக்குநர்களோடு சேர்ந்து ‘நியூ டே ஃபிலிம்ஸ்’ என்ற கூட்டுறவைத் தொடங்கினார். அது இன்றும் இயங்குகிறது. 1930களில் சங்கம் கட்டிய மூன்று பெண்களின் நினைவுகளைக் கொண்ட ‘யூனியன் மெய்ட்ஸ்’ (1976) திரையரங்கைவிடச் சங்க அலுவலகங்களிலும் வகுப்பறைகளிலும் வாழ்ந்த படம். கடைசிக் காலத்தில் ஸ்டீவன் போக்னருடன் எடுத்த ‘அமெரிக்கன் ஃபேக்டரி’ (2019), மூடப்பட்ட ஜெனரல் மோட்டார்ஸ் ஆலையில் சீன நிறுவனமான ஃபூயாவ் கண்ணாடித் தொழிற்சாலை தொடங்கிய கதை. சங்கம் வேண்டுமா என்று 2017இல் நடந்த வாக்கெடுப்பில் 444 பேர் வேண்டும் என்றார்கள், 868 பேர் வேண்டாம் என்றார்கள். படம் ஆஸ்கர் வென்றது, நெட்ஃபிளிக்ஸ் வழியாக உலகெங்கும் போனது.

அப்படியானால் எந்தப் படத்தின் வீச்சு பெரியது? சங்க அறையில் நாற்பது பேர் பார்த்துவிட்டு விவாதித்த படத்தின் வீச்சா, தனித்தனி வீடுகளில் லட்சக்கணக்கானோர் பார்த்த படத்தின் வீச்சா? ‘லா ஓரா தே லோஸ் ஓர்னோஸ்’ (1968) எடுத்த அர்ஜென்டினியர்கள் சொலானாஸும் கெத்தினோவும் முதலாவதற்கே வாக்களித்திருப்பார்கள். திரையிடலை நடுவில் நிறுத்தி விவாதிக்கும்படியே அவர்கள் படத்தை வடிவமைத்தார்கள். இரண்டையும் ஒரே அலகில் அளக்கும் முறை இன்னும் உருவாகவில்லை.

சிவகாசி, மதுரை

படத்தால் என்ன கிடைத்தது என்ற கேள்விக்குத் தமிழகத்தில் இரண்டு கடினமான சோதனைகள் இருக்கின்றன.

சலம் பென்னூர்கரின் ‘குட்டி ஜப்பானின் குழந்தைகள்’ (1990) சிவகாசித் தீப்பெட்டி, பட்டாசு ஆலைகளில் வேலை செய்த சிறுவர்களைக் காட்டியது. அன்றைய நிலையோடு ஒப்பிட்டால் அங்கே குழந்தைத் தொழில் இன்று வெகுவாகக் குறைந்திருக்கிறது. ஆகவே படம் வென்றது என்று சொல்லிவிடலாமா? அதே காலத்தில் வேறு பலவும் நடந்தன. குழந்தைத் தொழிலாளர் சட்டம் 1986இல் வந்தது. எம்.சி. மேத்தா தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996இல், குழந்தையை வேலைக்கு வைத்த முதலாளி ஒரு குழந்தைக்கு ரூ. 20,000 செலுத்த வேண்டும் என்று தீர்ப்பளித்தது. சத்துணவும் பள்ளிகளும் விரிந்தன. தீப்பெட்டித் தொழிலில் இயந்திரம் வந்தது. சிவகாசியையும் ஆராய்ந்த மைரன் வீனர் 1991இல் வெளியான நூலில், கட்டாயக் கல்வியைச் செயல்படுத்த அரசுக்கு மனமில்லாததே வேர் என்று வாதிட்டார். இத்தனை இழைகளுக்கு நடுவில் படத்தின் இழையை மட்டும் உருவி எடுத்து நீளம் பார்க்க முடியாது. இன்னொரு விமர்சனமும் கவனிக்கத் தக்கது: குழந்தையின் முகம் எளிதில் இரக்கத்தைப் பெறுகிறது, அதே ஆலையில் அந்தக் குழந்தையின் தாய் வாங்கும் கூலி கேமராவுக்கு வெளியே போய்விடுகிறது.

மதுரைக்காரரான ஆர்.பி. அமுதன் 2003இல் ‘பீ’ என்ற படத்தில், தெருவில் மலம் அள்ளும் ஒரு பெண்ணின் வேலையை அருகிருந்து பதிவு செய்தார். திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ (2017) அதே கொடுமையைத் தமிழகம் முழுவதும் தேடிச்சென்று, சாதியை நேராகப் பெயர் சொல்லிப் பேசியது. மனிதரே மலம் அள்ளுவதைத் தடை செய்யும் சட்டம் 1993இலேயே வந்துவிட்டது. 2013இல் அதைவிட விரிவான சட்டம் வந்தது. சாக்கடைக்குள் இறந்தவர்களின் குடும்பத்துக்கு ரூ. 10 லட்சம் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2014இல் உத்தரவிட்டது. 2023இல் அதை ரூ. 30 லட்சமாக உயர்த்தியது. ஆகவே ‘கக்கூஸ்’ புதிய சட்டம் எதையும் கேட்கவில்லை. இருக்கும் சட்டம் நடைமுறையில் இல்லை என்பதை, அதிகாரிகள் மறுக்க முடியாதபடி, முகம் முகமாக நிறுவியது.

அதற்கு வந்த எதிர்வினை இந்த ஆய்வுக்கு முக்கியமானது. பல ஊர்களில் போலீஸ் திரையிட அனுமதிக்கவில்லை. படம் யூடியூபில் வெளியிடப்பட்டது. இயக்குநர் பழைய வழக்கொன்றில் 2017 ஜூலையில் கைது செய்யப்பட்டார், மிரட்டல்களையும் புதிய வழக்குகளையும் எதிர்கொண்டார். ஒரு படத்தின் செல்வாக்கை அதை அடக்க எடுக்கப்பட்ட முயற்சியால் அளக்கலாம் என்று சிலர் சொல்கிறார்கள். எனக்கு இது அரைகுறை அளவையாகத்தான் தோன்றுகிறது. அடக்குமுறை அரசின் அச்சத்தைக் காட்டலாம், வெறும் பழக்கத்தையும் காட்டலாம். கவனத்துக்குரிய வேறொன்று இருக்கிறது: அந்தப் படம் இடதுசாரி அமைப்புகளிடமும் தலித் அமைப்புகளிடமும் மாணவர்களிடமும் போய், கூட்டம் கூட்டுவதற்கான காரணமானது.

அளவுகோல்களின் சண்டை

திரைப்பட ஆய்வாளர் ஜேன் கெய்ன்ஸ் 1999இல் வெளியான கட்டுரையில், உலகை மாற்றிய ஆவணப்படங்கள் என்று சொல்லப்படுபவற்றுக்கு உண்மையில் சான்று எங்கே என்று கேட்டார். அவருடைய கருத்தில், போராடும் உடல்களைத் திரையில் காணும்போது பார்ப்பவரின் உடலிலும் அந்த வேகம் தொற்றுகிறது. ஆனால் தொற்றியதைச் செயலாக்க வெளியே ஓர் இயக்கம் ஏற்கெனவே இருக்க வேண்டும். மற்றோர் ஆய்வாளரான டேவிட் வைட்மன் 2004இல், தனிப் பார்வையாளரின் மனமாற்றத்தைத் தேடுவதை விட்டுவிட்டு, படம் தயாராகும் காலம் தொட்டு அதில் பங்கேற்றவர், பயன்படுத்திய அமைப்புகள், முடிவெடுப்பவர்கள் என்று முழு வலையையும் பார்க்கச் சொன்னார். என் பார்வையில் இதுவே இருப்பதில் பயன்மிக்க சட்டகம்.

அதன் பிறகு விளைவை அளப்பதே ஒரு தொழிலானது. கொடையாளர்கள் எண்ணிக்கை கேட்டார்கள்: எத்தனை திரையிடல்கள், எத்தனை கையெழுத்துகள், என்ன சட்டத் திருத்தம். எண்ணக்கூடிய விளைவுள்ள பிரச்சினைகளை நோக்கிப் பணம் போவது இதன் இயல்பான தொடர்ச்சி. கூலி பேரத்தில் தொழிலாளியின் பலம் சற்றுக் கூடியதை எந்தப் படிவத்தில் நிரப்புவது?

இந்தக் கணக்கையே மறுக்கும் படங்களும் உள்ளன. வாங் பிங் சீனாவின் ஷென்யாங் நகரில் தியேஷி தொழிற்பேட்டை மூடப்படுவதை 1999 முதல் சிறு டிஜிட்டல் கேமராவால் பதிவு செய்து, ஒன்பது மணி நேரம் ஓடும் படமாக்கினார். பின்னணிக் குரல் இல்லை, கோரிக்கை இல்லை. எதிர்காலத்துக்கான சாட்சியம் அது. பிரேசிலில் எதுவார்தோ கூட்டின்யோ, கொலையுண்ட விவசாயத் தலைவர் ஒருவரைப் பற்றி 1964இல் எடுக்கத் தொடங்கிய படத்தை ராணுவப் புரட்சி நிறுத்தியது. 1981இல் திரும்பிச் சென்று, வேறு பெயரில் மறைந்து வாழ்ந்த அத்தலைவரின் மனைவியைக் கண்டுபிடித்தார். 1984இல் படம் முடிந்தது. அந்தப் பெண் தம் சொந்தப் பெயருக்கும் பிள்ளைகளிடமும் திரும்பியது படத்தின் வழியாகத்தான். அமெரிக்காவில் 1934ஆம் ஆண்டு ஜவுளி வேலைநிறுத்தத்தில் ஹோனியா பாத் என்ற ஊரில் சுட்டுக் கொல்லப்பட்ட 7 தொழிலாளர்களுக்கு 1995இல்தான் நினைவுச்சின்னம் எழுந்தது. அதே ஆண்டில் வந்த ‘தி அப்ரைசிங் ஆஃப் ’34’ படம் அந்த மௌனத்தை உடைத்ததில் பங்காற்றியது. மூன்றாண்டுத் திட்ட அறிக்கையில் இத்தகைய விளைவுகள் தென்படா.

முடிவாகாத கேள்விகள்

இதுவரையுள்ள சான்றுகளை வைத்து இவ்வளவு சொல்லலாம்: தொழிலாளர் படத்துக்கு விளைவு இருந்ததாக நம்பத்தக்க எல்லா இடங்களிலும் அதைக் கையில் எடுத்துக்கொள்ள ஏதோ ஓர் அமைப்போ, குறைந்தது ஒரு குடும்பமோ ஊரோ காத்திருந்தது. ஆனால் இந்த முடிவிலும் ஒரு சாய்வு இருக்கக்கூடும். இயக்கங்கள் தங்கள் படங்களைப் பற்றி எழுதிவைக்கின்றன. அமைப்பில்லாத தொழிலாளர் நடுவே ஒரு படம் தனியாக என்ன செய்தது என்று எழுத ஆளில்லை.

விலை யார் கொடுப்பது என்பது அடுத்தது. இயக்குநர்கள் சந்தித்த வழக்குகளாவது பதிவாகியிருக்கின்றன. கேமராமுன் பேசியதால் வேலை இழந்தவர், ஒப்பந்தம் புதுப்பிக்கப்படாதவர், ஊரில் ஒதுக்கப்பட்டவர் பற்றித் தொடர்ந்து விசாரித்த ஆய்வுகள் மிகக் குறைவு. விளைவுகளைப் பற்றிய எந்தக் கணக்கும் இந்தப் பக்கத்தைச் சேர்க்காதவரை பாதிக் கணக்குதான்.

மூன்றாவது, வழிகள் மாறிவிட்டன. நியூயார்க்கில் அமேசான் கிடங்கு ஒன்றின் தொழிலாளர்கள் 2022 ஏப்ரலில் சங்கத்துக்கான வாக்கெடுப்பில் வென்றதைச் சொல்லும் ‘யூனியன்’ (2024) படம் சன்டான்ஸ் விழாவில் பரிசு பெற்றது, ஆனால் பெரிய விநியோகஸ்தர் எவரும் அதை எடுக்கவில்லை. படக்குழுவே அதை வெளியிட்டது. 1971இல் ரைகர்ட் நின்ற இடத்திலேயே அவர்களும் நின்றார்கள். மறுபுறம், 2025 ஆகஸ்டில் சென்னை ரிப்பன் மாளிகை முன் தூய்மைப் பணியாளர்கள் தனியார்மயத்தை எதிர்த்து உட்கார்ந்தபோது அந்தப் போராட்டம் கைபேசிகளிலேயே பதிவாகிப் பரவியது. பெசான்சோன் தொழிலாளர்கள் இரவல் வாங்கிய கருவி இன்று அவரவர் பையில் இருக்கிறது. அந்தத் துணுக்குகளைச் சேர்த்துப் பாதுகாப்பது யார், வழக்கு வரும்போது அவை யாருக்கு எதிரான சாட்சியமாகும், அவற்றிலிருந்து ஒரு முழுப் படத்தின் பொறுமையான வாதத்தை யார் கட்டுவார் என்பவை ஆய்வாளர்கள் இனித்தான் எடுத்துக்கொள்ள வேண்டிய வேலைகள்.